ஜம்பலாயாவுக்கு ஒரு சட்டி: லாட்ஜ் 5 குவார்ட் இரும்புச் சட்டி, மூன்று வருடப் புழக்கத்துக்குப் பிறகு

இறைச்சியும் அரிசியும் ஒரே சட்டியில் சேர்த்துச் சமைக்கிற லூசியானா சோறான ஜம்பலாயாவை வீட்டில் செய்து பார்க்க நினைப்பவர்கள் நல்ல சாஸேஜ் எங்கே கிடைக்கும் என்று கேட்கிறார்கள், எந்த மசாலாத்தூள் நல்லது என்று கேட்கிறார்கள், சட்டியைப் பற்றி யாரும் கேட்பதில்லை. நானும் கேட்கவில்லை. அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் இருக்கிற பேட்டன் ரூஜுக்குக் குடிவந்த முதல் வருடம் முழுக்க வீட்டிலிருந்த எவர்சில்வர் பாத்திரத்திலேயே செய்து பார்த்தேன். இங்கே தேவாலய வாசலிலும் பள்ளிக்கூட நிதி திரட்டும் நாளிலும் பெட்டியில் போட்டுத் தருகிற அந்தப் பழுப்பு நிறச் சோற்றுக்குப் பக்கத்தில்கூட என்னுடையது போகவில்லை. அப்புறம்தான் லாட்ஜ் நிறுவனத்தின் 5 குவார்ட் இரும்புச் சட்டியை வாங்கினேன். மூன்று வருடம் ஆகிறது, மாதத்தில் இரண்டு தடவையாவது அதில் ஜம்பலாயா ஆகிறது. சட்டியைப் பற்றி மட்டும் எழுதினால் பாதிதான் சொன்னதாகும் என்பதால் அதில் சமைக்கிற விதத்தையும் சேர்த்தே எழுதுகிறேன், கொஞ்சம் நீளும்.

பழுப்பு நிறம் என்று சொன்னேன் இல்லையா, விஷயமே அங்கேதான் இருக்கிறது. லூசியானாவில் ஜம்பலாயா இரண்டு வகை. நியூ ஆர்லியன்ஸ் பக்கம் செய்கிற கிரியோல் ஜம்பலாயாவில் தக்காளி சேரும், சிவப்பாக இருக்கும், பெரும்பாலும் இறாலும் சேரும். ஊரைத் தாண்டி மேற்கே வந்தால், பிரெஞ்சு பேசிய குடியேறிகளின் வழிவந்த கேஜன் மக்களின் ஊர்ப்புறங்களில், தக்காளி கிடையாது. அங்கே நிறம் வருவது இறைச்சியும் வெங்காயமும் சட்டியின் அடியில் முறுகிப் பிடிப்பதிலிருந்து. எங்கள் ஊருக்கும் நியூ ஆர்லியன்ஸுக்கும் நடுவில் இருக்கிற கான்சேலஸ் என்ற சின்ன ஊர் தன்னை உலகத்தின் ஜம்பலாயா தலைநகரம் என்று சொல்லிக்கொள்கிறது. 1968லிருந்து அங்கே ஜம்பலாயாவுக்கென்றே திருவிழா நடக்கிறது, மே மாதக் கடைசியில் சமையல் போட்டியும் உண்டு. விறகு அடுப்பு, இரும்புச் சட்டி, கோழி, அரிசி, குறிப்பிட்ட சில சாமான்கள், அவ்வளவுதான் போட்டிக்கு. தக்காளி இல்லாமலே அங்கே ஒவ்வொரு சட்டியிலும் சோறு தேன் நிறத்திலிருந்து கரும்பழுப்பு வரை இருப்பதைப் பார்த்துவிட்டு வந்த பிறகு, என் வீட்டு வெளுத்த ஜம்பலாயாவைப் பார்க்கவே எனக்கு வருத்தமாக இருந்தது.

என் பழைய பாத்திரம் எந்த நிறுவனத்துடையது என்பது முக்கியமில்லை, மெல்லிய அடிப்பாகம் உள்ள எதிலும் இதுதான் நடக்கும். எண்ணெய் புகைகிற அளவுக்குச் சூடாக்கி முக்கால் கிலோ கோழியைப் போட்டவுடனே பாத்திரம் குளிர்ந்துவிடும், கோழி தண்ணீர் விடும், அந்தத் தண்ணீரிலேயே கோழி வேகும், முறுகாது. தண்ணீர் இருக்கிற வரைக்கும் சூடு 100 டிகிரிக்கு மேலே ஏறாது, இறைச்சி முறுகி நிறம் கொடுப்பதற்கு 140 டிகிரி செல்சியஸாவது வேண்டும். சரி என்று தீயைக் கூட்டினால் தண்ணீர் வற்றிய அடுத்த நிமிடமே அடுப்புக்கு நேர் மேலே இருக்கிற இடம் மட்டும் கருகும், ஓரம் வெளுத்தே இருக்கும். கருகியதைச் சுரண்டினால் சோறு முழுக்கக் கசப்பு, சுரண்டாமல் விட்டால் நிறமும் இல்லை ருசியும் இல்லை. இதில் ஒரு தடவை அரிசி அடியில் தீய்ந்து மேலே வேகாமல் நின்று, விருந்தாளிகள் வந்து உட்கார்ந்திருக்கும்போது மொத்தத்தையும் கொட்டினேன். அன்றைக்குப் பக்கத்து வீட்டுப் பெரியவரும் வந்திருந்தார். கான்சேலஸில் பிறந்து வளர்ந்தவர், எழுபது வயதுக்கு மேல். பாத்திரத்தைக் கையில் வாங்கி எடை பார்த்துவிட்டு, "இதில் சூப் வை. ஜம்பலாயாவுக்கு இரும்பு வேண்டும்" என்றார். வேறெதுவும் சொல்லவில்லை.

லாட்ஜ் பழைய நிறுவனம். ஜோசப் லாட்ஜ் என்பவர் 1896ல் டென்னசி மாநிலத்தின் சவுத் பிட்ஸ்பர்க் என்ற ஊரில் ஆரம்பித்த வார்ப்பாலை. முதல் ஆலை 1910ல் தீப்பிடித்து எரிந்துபோய், சற்றுத் தள்ளி மறுபடி கட்டினார்கள். இன்றும் அதே ஊரில்தான் வார்க்கிறார்கள். 2002லிருந்து சட்டிகளை ஆலையிலேயே எண்ணெய் பூசிச் சூளையில் சுட்டு, பழக்கியே அனுப்புகிறார்கள். அதற்கு முன்னால் இரும்புச் சட்டி வாங்கினால் வாங்கியவர்தான் வீட்டில் பழக்கிக்கொள்ள வேண்டும். தோசைக்கல் பழக்கியவர்களுக்கு இது புரியும்: எண்ணெய் சூட்டில் இறுகிக் கருப்பான ஒரு மெல்லிய படலமாக இரும்பின் மேல் ஒட்டிக்கொள்கிறது, அதுதான் ஒட்டாமலும் துருப்பிடிக்காமலும் காப்பது. ஆலையிலிருந்து வருகிற படலம் ஒரு தொடக்கம் என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். முதல் இரண்டு மாதம் நான் வெங்காயம் வதக்குவதும் பன்றி இறைச்சி வறுப்பதுமாகவே அதைப் பயன்படுத்தினேன், அதற்குள் உள்பக்கம் சாம்பல் கலந்த கருப்பிலிருந்து நல்ல மினுமினுப்பான கருப்புக்கு வந்துவிட்டது. இப்போது தொட்டால் வழவழவென்று இருக்கிறது.

5 குவார்ட் என்பது நம் கணக்கில் 4.7 லிட்டர். வாய் அகலம் பத்தேகால் அங்குலம், இரண்டு பக்கமும் காது, கனமான இரும்பு மூடி. மூடியோடு ஏறக்குறைய 6 கிலோ. இரும்பு என்றால் கனம் இருக்கத்தான் செய்யும், அந்தக் கனம்தான் இங்கே வேலை செய்கிறது. இரும்பு சூட்டை வேகமாகக் கடத்தாது, அலுமினியத்தோடு பார்த்தால் நான்கில் ஒரு பங்குதான். ஆனால் இவ்வளவு கனமான சுவருக்குள் ஏறிய சூடு லேசில் இறங்காது. கோழியைப் போட்டாலும் சட்டி தன் சூட்டை விடாமல் பிடித்து வைத்துக்கொள்கிறது, விழுந்த தண்ணீர் உடனே ஆவியாகிப் போகிறது. ஒரே நிபந்தனை, பொறுமையாகச் சூடாக்க வேண்டும். வெறும் சட்டியை மிதமான தீயில் எட்டிலிருந்து பத்து நிமிடம் வைக்கிறேன், அவசரப்பட்டுப் பெரிய தீயில் வைத்தால் நடுவில் மட்டும் கொதித்து ஓரம் ஆறியே இருக்கும். அதற்குள் வெங்காயம் நறுக்கிவிடலாம்.

இனி சமையல். இந்தச் சட்டிக்கு நான் கண்டுபிடித்த அளவு இது: அரிசி இரண்டரை கப், எலும்பில்லாத கோழித்தொடை முக்கால் கிலோ, ஆன்டூயி சாஸேஜ் 400 கிராம், பெரிய வெங்காயம் மூன்று, செலரி இரண்டு தண்டு, பச்சைக் குடைமிளகாய் ஒன்று, பூண்டு ஆறு பல், கோழி வேகவைத்த சாறு நாலரை கப். ஆறு பேர் வயிறாரச் சாப்பிடலாம். இதற்கு மேல் போட்டால் கிளறும்போது வெளியே சிந்தும்.

வெங்காயம், செலரி, குடைமிளகாய் மூன்றையும் இங்கே புனித மும்மை என்கிறார்கள். கத்தோலிக்கர்கள் நிறைந்த ஊர், அந்தப் பெயர் வந்ததில் ஆச்சரியமில்லை. மூன்றும் சம அளவு என்று பல குறிப்புகளில் இருக்கும், பழுப்பு ஜம்பலாயாவுக்கு வெங்காயம் மற்ற இரண்டையும் போல இரண்டு மடங்காவது வேண்டும் என்பது என் முடிவு. ஏனென்றால் முறுகி நிறமும் இனிப்பும் தருவது வெங்காயம்தான்.

ஆன்டூயி கிடைக்காவிட்டால் வேறு புகையூட்டிய பன்றி சாஸேஜ் போடலாம், ஆனால் கிடைக்கிற இடத்தில் இருந்தால் விடாதீர்கள். நியூ ஆர்லியன்ஸுக்கு மேற்கே ஆற்றங்கரையில் லாபிளாஸ் என்ற ஊர் இருக்கிறது, ஆன்டூயிக்குப் பேர் போனது. கொத்துக்கறியாக அரைக்காமல் பன்றி இறைச்சியைத் துண்டு துண்டாக வெட்டி, பூண்டும் மிளகும் சேர்த்து, மணிக்கணக்கில் புகையில் தொங்கவிடுவார்கள். கடையில் நுழைந்தாலே புகை மணம் சட்டையில் ஏறிவிடும். அரை அங்குலத் துண்டுகளாக வெட்டி, சூடான சட்டியில் ஒரு கரண்டி எண்ணெய் விட்டுப் போட்டதும் அதன் கொழுப்பு உருகி வெளியே வரும். ஓரம் முறுகியதும் எடுத்து வைத்துவிட்டு அதே கொழுப்பில் கோழி.

கோழியை இரண்டு ஈடாகப் போடுங்கள், ஒரே ஈடாகப் போட்டால் இரும்பும் தோற்கும். உப்பும் மிளகுத்தூளும் காயென் மிளகாய்த்தூளும் தடவி, ஈரத்தை ஒற்றி எடுத்துவிட்டுப் போட்டு, நாலு நிமிடம் தொடவே கூடாது. தொடாமல் இருப்பதுதான் இதில் எனக்குக் கஷ்டமாக இருந்தது, கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா நிற்க வராது. முறுகாத கோழி சட்டியை விடாது, முறுகியது தானாகவே விட்டுக்கொடுக்கும், அதுதான் அடையாளம். இரண்டு ஈடும் முடிந்த பிறகு சட்டியின் அடியைப் பார்த்தால் முழுக்க ஒரே சீராக, ஓரம் வரைக்கும், கரும்பழுப்பான பிசின் மாதிரி ஒட்டிக்கொண்டிருக்கும். என் பழைய பாத்திரத்தில் இது ஒரு தடவைகூட வந்ததில்லை. முதல் தடவை அதைப் பார்த்தபோது அடிப்பிடித்துவிட்டது என்று பயந்து தண்ணீர் ஊற்றப் போனேன். பெரியவர் கையைப் பிடித்து நிறுத்தி, "அதுதான் உன் நிறம், அதைக் கழுவிவிடாதே" என்றார்.

கருப்புக்கும் கரும்பழுப்புக்கும் வித்தியாசம் தெரிய வேண்டும், மூக்கு சொல்லிவிடும். வறுத்த காப்பிக்கொட்டை வாசம் வந்தால் சரி, தீய்ந்த வாசம் வந்தால் தாண்டிவிட்டோம். தாண்டிவிட்டால் கொழுப்பை வடித்துச் சட்டியைத் துடைத்துவிட்டு மறுபடி ஆரம்பிப்பது நல்லது, அதன் மேலேயே சமைத்தால் கசப்பு போகாது.

இப்போது வெங்காயம். இதற்குத்தான் நேரம் கொடுக்க வேண்டும். அடியில் ஒட்டியிருப்பதை வெங்காயத்தின் ஈரம் இளக்கிவிடும், மரக்கரண்டியால் சுரண்டிச் சுரண்டி வதக்கினால் ஐந்து நிமிடத்தில் வெங்காயம் முழுக்கப் பழுப்பாகிவிடும், அடி சுத்தமாகிவிடும். பலர் இங்கேயே நிறுத்திவிட்டுத் தண்ணீர் ஊற்றுகிறார்கள். நிறுத்தாதீர்கள். வெங்காயம் மறுபடி அடியில் ஒட்ட ஆரம்பிக்கும், அப்போது ஒரு கரண்டி சாறு விட்டுச் சுரண்டுங்கள், மறுபடி ஒட்டவிடுங்கள், மறுபடி சுரண்டுங்கள். மூன்று நான்கு தடவை இப்படி, மொத்தம் இருபத்தைந்து நிமிடமாவது ஆகும், வெங்காயம் சுருண்டு தன் உருவமே தெரியாமல் ஒரு களி மாதிரி ஆகிவிடும். அப்புறம்தான் செலரி, குடைமிளகாய், கடைசியில் பூண்டு. ஒவ்வொரு தடவை சாறு விடும்போதும் சட்டியின் சூடு குறையாமல் சுர்ரென்று சத்தம் வருகிறதே, அந்தச் சத்தத்துக்காகவே இந்தச் சட்டிக்குப் பணம் கொடுக்கலாம். சிலர் நிறத்துக்காக எண்ணெயில் சர்க்கரையைக் கருக்கிக்கொள்கிறார்கள், கடையில் நிறம் ஏற்றும் சாஸும் விற்கிறது. இந்த வெங்காய வேலையைப் பொறுமையாகச் செய்தால் இரண்டுமே வேண்டாம், செய்து பார்த்துச் சொல்கிறேன்.

இறைச்சியெல்லாம் திரும்பச் சட்டிக்குள் போய், தைம், பிரிஞ்சி இலை, காயென் சேர்த்து, சாறு ஊற்றிக் கொதிக்கவிட்டு ஒரு பத்து நிமிடம். இங்கே உப்பைப் பார்த்துவிடுங்கள். உலைத்தண்ணீரை வாயில் வைத்தால் ஒரு கல் உப்பு கூடுதலாகத் தெரிய வேண்டும், அரிசி அதை இழுத்துக்கொள்ளும். அரிசி போட்ட பிறகு உப்பு குறைகிறது என்று தெரிந்தால் ஒன்றும் செய்ய முடியாது, கிளறினால் சோறு குழைந்துவிடும்.

அரிசி நீள அரிசிதான் வேண்டும், லூசியானாவே நல்ல நீள அரிசி விளைகிற மாநிலம், தென்மேற்கில் க்ரௌலி ஊர்ப் பக்கம் போனால் கண்ணுக்கெட்டிய வரை வயல். பெரிய அண்டாவில் நூறு பேருக்குச் சமைக்கிறவர்கள் பலர் பார்பாயில்டு என்று விற்பதை வாங்குகிறார்கள், அது நம் புழுங்கலரிசிதான். குழையாது, நாம் கொஞ்சம் தவறு செய்தாலும் பொறுத்துக்கொள்ளும். ருசிக்கு எனக்குப் பச்சரிசிதான் பிடிக்கும், சாற்றை அது நன்றாக உள்ளே வாங்கிக்கொள்கிறது, முதல் தடவை செய்கிறவர்கள் மட்டும் புழுங்கலில் ஆரம்பிக்கலாம். இந்த மண்ணுக்கு நெல் வந்த கதையைச் சொல்லாமல் போக எனக்கு மனமில்லை. 1719ல் மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளை ஏற்றிவந்த கப்பல்களுக்கு, நெல் பயிரிடத் தெரிந்தவர்களையும் விதைநெல்லையும் கொண்டுவரும்படி உத்தரவு இருந்தது. ஒரே சட்டியில் இறைச்சியும் அரிசியும் சேர்த்துச் சமைக்கிற மேற்கு ஆப்பிரிக்க ஜோலோஃப் சோறு ஜம்பலாயாவுக்கு எவ்வளவு நெருங்கிய உறவு என்பது இரண்டையும் சாப்பிட்டவர்களுக்குத் தெரியும். ஜம்பலாயா எதிலிருந்து வந்தது என்றால் ஸ்பெயின்காரர்கள் ஆண்ட காலத்துப் பயேயா என்ற அவர்களுடைய சோற்றைத்தான் எல்லோரும் முதலில் சொல்கிறார்கள், அந்த வயல்களில் நின்றவர்களின் கையையும் சொல்ல வேண்டும்.

அரிசியைப் போட்டு, ஒரே ஒரு தடவை கிளறி, மூடாமல் கொதிக்கவிடுங்கள். ஐந்தாறு நிமிடத்தில் அரிசி ஊதித் தண்ணீர் மட்டத்துக்கு வந்து நிற்கும். அப்போது தீயை அடியோடு குறைத்து மூடியைப் போட்டால் இருபத்தைந்து நிமிடத்துக்கு மூடியைத் தொடக் கூடாது. இந்தச் சட்டியின் மூடி தன் கனத்திலேயே அழுத்திக்கொண்டு உட்காருகிறது, ஆவி அதிகம் போவதில்லை, தம் போடுவதற்கு மாவு பூசுவதோ மேலே கல் வைப்பதோ தேவைப்படவில்லை. தீயைக் குறைத்த பிறகும் சட்டி தன் சூட்டிலேயே வேலையைத் தொடர்கிறது என்பதால் அடுப்பை நான் உண்மையிலேயே ஆகக் கீழே வைக்கிறேன், மெல்லிய பாத்திரத்துக்கு வைப்பதைவிடவும் கீழே. நேரம் ஆனதும் திறந்து, அடியிலிருந்து மேலாக ஒரே ஒரு தடவை புரட்டி, வெங்காயத்தாளும் பார்ஸ்லியும் தூவி, மூடி, அடுப்பை அணைத்துப் பத்து நிமிடம். இறால் சேர்ப்பதென்றால் இந்தப் புரட்டும் நேரத்தில் சேர்த்து, அடுப்பை உடனே அணைக்காமல் சின்னத் தீயில் ஐந்து நிமிடம் மூடி வைத்துவிட்டு அணையுங்கள், முன்னாலேயே போட்டால் ரப்பராகிவிடும்.

சோறு உதிரி உதிரியாக, ஒவ்வொரு பருக்கையும் பழுப்பாக இருக்கும். அடியில் மெல்லிய காந்தல் இருக்கும், அதைக் கிராட்டின் என்கிறார்கள். கருகாத காந்தல், கடித்தால் மொறுமொறுவென்று சாஸேஜின் புகை ருசியோடு. எங்கள் வீட்டில் அதற்குச் சண்டை நடக்கிறது.

இதே சட்டியில் சிவப்பு ஜம்பலாயா செய்யலாமா என்று கேட்டால், செய்யலாம், ஆனால் எனக்கு அதற்கு இந்தச் சட்டி பிடிக்கவில்லை. தக்காளியின் புளிப்பு பழக்கிய படலத்தை மெல்ல அரிக்கும், அரை மணி நேரம் தக்காளி கொதித்தால் சோற்றில் லேசாக இரும்பு வாசமும் வரும். வெறும் இரும்பு எந்த நிறுவனத்துடையதாக இருந்தாலும் இதுதான். நன்றாகப் பழகிய சட்டி கொஞ்சம் தாங்கும், புதுச் சட்டியில் வேண்டவே வேண்டாம். நியூ ஆர்லியன்ஸ் வகைதான் உங்களுக்குப் பிடிக்கும் என்றால் எனாமல் பூசிய இரும்புச் சட்டி வாங்குங்கள், அதில் புளிப்பு ஒன்றும் செய்யாது. அடி முறுகுவதும் பரவாயில்லாமல் வரும், வெளிர் நிற எனாமலாக இருந்தால் அடியின் நிறத்தைக் கண்ணால் பார்க்கவும் வசதி. ஆனால் வெறும் சட்டியை அதிக நேரம் சூடாக்குவது எனாமலுக்கு ஆகாது.

இங்கே பல கேஜன் வீடுகளில் மேக்னலைட் என்ற கனமான வார்ப்பு அலுமினியச் சட்டிகளை உயிராக வைத்திருக்கிறார்கள், பாட்டியிடமிருந்து பேத்திக்குப் போகிற சொத்து. பெரியவர் வீட்டிலும் ஒன்று இருக்கிறது, அதில் அவர் மனைவி வைக்கிற ஜம்பலாயா என்னுடையதைவிட நன்றாகவே இருக்கும். சூடு சீராகப் பரவும், கனமும் குறைவு. பழையது எங்காவது கண்ணில் பட்டால் வாங்கிவிடுங்கள். புதிதாக, சுலபமாக, கட்டுப்படியாகிற விலையில் வேண்டும் என்கிறவர்களுக்கு இரும்புதான் வழி.

பராமரிப்பு பற்றிப் பயமுறுத்துகிறவர்கள் அதிகம். சோப்பே படக் கூடாது என்பார்கள். கொஞ்சம் பாத்திரம் கழுவும் சோப்பு போட்டால் ஒன்றும் ஆகாது, இறுகிய படலம் அதில் கரையாது. ஊறவைப்பதும் ஈரத்தோடு விடுவதும்தான் கெடுக்கும். நான் ஒரு தடவை விருந்து முடிந்த அசதியில் இரவு முழுக்கத் தண்ணீர் ஊற்றி வைத்துவிட்டேன், காலையில் ஓரமெல்லாம் ஆரஞ்சு நிறத்தில் துரு. எஃகு நாரால் தேய்த்துக் கழுவி, அடுப்பில் காயவைத்து, மெல்லிசாக எண்ணெய் தடவித் துடைத்து, ஓவனில் 450 டிகிரி ஃபாரன்ஹீட்டில் ஒரு மணி நேரம் கவிழ்த்து வைத்ததும் சரியாகிவிட்டது. தடவிய எண்ணெயை முழுக்கத் துடைத்து எடுத்துவிட வேண்டும், மிச்சம் இருந்தால் பிசுபிசுப்பாக இறுகும். சாதாரண நாட்களில் சுடுதண்ணீர், பிரஷ், அடுப்பில் இரண்டு நிமிடம் காயவைத்தல், ஒரு சொட்டு எண்ணெய். ஐந்து நிமிட வேலை.

சாப்பிட்டு முடித்ததும் மிச்சத்தைச் சட்டியிலேயே விட்டுவிடாதீர்கள், இதை அழுத்திச் சொல்கிறேன். சூட்டைப் பிடித்து வைக்கிற அதே குணத்தால் சோறு மணிக்கணக்கில் வெதுவெதுப்பாகவே இருக்கும், கோழியும் அரிசியும் கெடுவதற்கு அதைவிட நல்ல இடம் இல்லை. இரண்டு மணி நேரத்துக்குள் அகலமான டப்பாக்களில் பரப்பி ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிடுங்கள். மறுநாள் ருசி கூடியிருக்கும்.

அடுப்பு விஷயத்தில், கேஸ், மின்சாரச் சுருள், இன்டக்‌ஷன் எல்லாவற்றிலும் வேலை செய்கிறது. எங்கள் வீட்டில் கண்ணாடி மேல்தளம் கொண்ட அடுப்பு, அதில் சட்டியை இழுக்காமல் தூக்கி வைக்க வேண்டும், கண்ணாடியில் கீறல் விழும். காதுகள் கடுமையாகச் சுடும், இரண்டு தடித்த துணிகள் கைக்கெட்டும் இடத்திலேயே இருக்கட்டும். மணிக்கட்டு வலி உள்ளவர்கள், வயதானவர்கள், நிறைந்த சட்டியைத் தூக்கிப் பரிமாற நினைக்க வேண்டாம், அடுப்பிலிருந்தே தட்டில் போடுங்கள்.

நான் வாங்கியபோது 50 டாலருக்குச் சற்று மேலே ஆனது. ஒரே ஒரு விஷயத்தில் எனக்கு மனக்குறை, அது சட்டியின் தவறில்லை, நான் அளவைத் தேர்ந்தெடுத்ததில். வீட்டில் நாலு பேர்தான் என்று 5 குவார்ட் போதும் என்று நினைத்தேன். ஜம்பலாயா நாலு பேருக்குச் செய்கிற சாப்பாடு இல்லை என்பது அப்போது தெரியவில்லை, மணம் போன திசையிலெல்லாம் ஆள் வருகிறது, பக்கத்து வீட்டுக்கு ஒரு டப்பா கொடுக்காமல் இருக்க முடியாது. 7 குவார்ட் சட்டி 12 அங்குல அகலம், கோழியை நெருக்கியடிக்காமல் பரப்பலாம், மூன்றரைக் கப் அரிசி தாராளமாகப் பிடிக்கும். ஆனால் அது மூடியோடு 8 கிலோ அளவில் வரும், உங்கள் கையும் அடுப்பும் தாங்குமா என்று கடையில் தூக்கிப் பார்த்துவிட்டு வாங்குங்கள். தாங்கும் என்றால் 7. இல்லையென்றால் என்னைப் போல 5, அதில் இரண்டரைக் கப்புக்கு மேல் அரிசி போடாதீர்கள்.